மூத்தவள் எடுத்த பங்கு

ஷட்டரைப் பாதி தூக்கி, வளைந்த முதுகு வளைந்தபடியே இருக்க, கழுத்தை மட்டும் திருப்பி மலையைப் பார்க்கிறாள் வெனேரா. உச்சியில் மேகம் உட்கார்ந்திருந்தால் மீதிப் பாதி ஒரே தள்ளலில் மேலே போய்விடும். அன்றைக்குக் காபி திடமாக இருக்கும், பூனைக்கு ஒரு துண்டு மீன் கிடைக்கும், பேருந்து ஓட்டும் லில்லோவுக்குத் திட்டு விழாது. மேகம் இல்லாமல், உச்சியிலிருக்கும் ஊர் கோபுரமும் மதிலும் ஓட்டுக் கூரையுமாகப் பளிச்சென்று தெரிந்துவிட்டால் ஷட்டர் பாதியிலேயே சற்று நேரம் தொங்கும். “பல்லக் காட்டிட்டு நிக்கறா பாரு,” என்பாள். அந்த ஊரில் சாப்பாட்டுக் கடை வைத்திருக்கும் தன் தங்கை சந்தினாவைத்தான் சொல்கிறாள் என்பது பூனைக்குக்கூடத் தெரியும்.

வெனேராவின் காபிக்கடை சிசிலியின் மேற்குப் பக்கத்தில், ஒரு பழைய கிரேக்கக் கோயிலின் அடிவாரத்தில் இருக்கிறது. கூரை போடாமலே விட்டுப்போன கோயில். தூண்கள், தூண்களுக்கு மேல் கல் உத்தரம், அதற்கு மேல் வானம். சுற்றிலும் காட்டுச் சோம்புச் செடி. கீழே சாலையோரம் ஓர் அத்தி மரம், அதன் நிழலில் பிளாஸ்டிக் விரிப்புப் போட்ட மேசைகள், ஒரு தகரக் கூரை. துறைமுகத்தில் சுற்றுலாக் கப்பல் நிற்கும் நாட்களில் கப்பல்காரர்களைப் பேருந்தில் ஏற்றிக் கொண்டுவருவார்கள். காலையில் இடிபாடு, மதியம் மலை ஊர், வெயில் தாழ்வதற்குள் திரும்பக் கப்பல்.

குறை அங்கேதான் தொடங்குகிறது. காலையில் வருகிறவர்கள் கப்பலில் மூக்குமுட்டத் தின்றுவிட்டு வருகிறார்கள். வெனேரா விடிகாலையில் எழுந்து பொரித்து வைத்த சோற்று உருண்டைகளை, அருங்காட்சியகத்தில் பார்ப்பதுபோல் கண்ணாடிக்கு வெளியே நின்று பார்க்கிறார்கள். தண்ணீர் ஜில்லென்று இருக்கிறதா என்று கேட்கிறார்கள். கழிவறை எந்தப் பக்கம் என்று கேட்கிறார்கள்.

“என்கிட்ட வரும்போது மூத்திரம் வருது, அவகிட்ட போகும்போது பசி வருது,” என்பாள் வெனேரா. “பாதிரியார் இத ஆண்டவனோட சித்தம்ங்கறார். நான் வேற பேரு வெச்சிருக்கேன். கோயில் பக்கத்துல நின்னுகிட்டு அதச் சொல்ல வேண்டாம்னு பாக்கறேன்.”

அறுபதைத் தாண்டியவள். குட்டையான உருவம், கட்டையான விரல்கள், கழுத்தில் எந்நேரமும் பாத்திரம் துடைக்கிற துண்டு. கணவன் போய் வெகுகாலம் ஆகிறது. அவளுடைய நாற்காலிகள் எல்லாம் கோயிலைப் பார்த்தே போடப்பட்டிருக்கும், மலைக்கு முதுகைக் காட்டிக்கொண்டு. யாராவது ஒருவர் நாற்காலியைத் திருப்பிப் போட்டு உட்கார்ந்தால், துடைப்பத்தோடு வந்து அவர் காலடியைப் பெருக்கத் தொடங்குவாள். பெருக்கிப் பெருக்கியே ஆளை எழுப்பி, நாற்காலியை மறுபடி பழைய திசைக்குத் திருப்பிவிடுவாள்.

அவள் விற்கும் போஸ்ட் கார்டுகள் வழக்கமான அளவில் இருப்பதில்லை. அச்சாகி வருவதில் கோயிலும் இருக்கிறது, கோயிலுக்குப் பின்னால் தூரத்தில் மலையும் அதன் ஊரும் இருக்கின்றன. கட்டைப் பிரித்ததும் வெனேரா கத்தரிக்கோலை எடுத்துக்கொண்டு உட்கார்ந்து, ஒவ்வொன்றிலும் மேல் பாகத்தை வெட்டி எடுத்துவிடுவாள். சில அட்டைகளில் தூணின் தலையும் சேர்ந்து போய்விடும். “தபால்தலை ஒட்ட இடமே இல்லையே,” என்று ஒருமுறை ஒரு டச்சுக்காரர் கேட்டார். “நாக்குல ஒட்டிக்கோ,” என்று சிரித்த முகத்தோடு அவள் தன் மொழியில் சொன்ன பதிலை, அவர் நன்றி என்று எடுத்துக்கொண்டு போனார்.

மலை ஊருக்கு ரோக்கமெந்தோலா என்று பெயர். அந்தப் பெயர் வெனேராவின் வாயில் வராது. ‘மேல’ என்பாள். காரில் வருகிறவர்கள் வழி கேட்டால், “மேல ஒண்ணுமில்ல, காத்துதான். காத்து இங்கயும் அடிக்குது, உக்காருங்க,” என்பாள்.

பசிகூடப் பரவாயில்லை என்பாள். அவளுக்கு வயிறு எரிவது வேறு ஒன்றுக்காக. சந்தினாவின் கடையில் ஒரு மொட்டை மாடி இருக்கிறது. அந்த மாடியிலிருந்து கீழே பார்த்தால் பள்ளத்தாக்கின் நடுவில், கையால் எடுத்து வைத்ததுபோல் கோயில் தெரியும். கப்பல்காரர்கள் அதைப் பார்த்துக்கொண்டேதான் சாப்பிடுகிறார்கள். அதை வைத்துத்தான் படம் எடுக்கிறார்கள்.

“என் கோயிலக் காட்டி அவ சோறு விக்கறா. வாசல் என்கிட்ட, வருமானம் அவகிட்ட.”

கோயில் வெனேராவுடையது அல்ல, அரசாங்கத்துடையது. அதை யாரும் அவளிடம் சொல்வதில்லை. அவளுடைய மகனே வடக்கே துரின் நகரத்திலிருந்து விடுமுறைக்கு வந்தால் சித்தி மாடியில் நின்றுதான் படம் எடுத்துக்கொள்கிறான். போன கோடையில் அவன் அனுப்பிய படத்தில் அவன் சிரிக்கிறான், தோளுக்குப் பின்னால் கோயில் சிரிக்கிறது. கோயிலுக்குக் கீழே ஒரு மங்கலான புள்ளி. “இதுதாம்மா நம்ம கடை,” என்று அம்புக்குறி போட்டிருந்தான். அந்தப் படத்தைக் கடைக்கு வந்த எல்லோரிடமும் காட்டினாள். “பாத்தியா, பெத்த மகன் அம்பு போட்டு என்னத் தேட வேண்டியிருக்கு.”

பங்கு பிரித்த கதையை லில்லோ எத்தனையோ தடவை கேட்டிருக்கிறான். அப்பாவுக்கு இரண்டு பெண்கள், இரண்டு சொத்து. மேலே ஒழுகும் வீடு, கீழே கடை. இளையவர் இரண்டாகப் பிரிக்க வேண்டும், மூத்தவர் முதலில் எடுக்க வேண்டும் என்பது அந்தப் பக்கத்துக் குடும்பங்களின் வழக்கம். பிரிக்கிற கைக்கு எது மிஞ்சும் என்று தெரியாததால் தராசு நேராக நிற்கும். சந்தினா அப்போது கல்யாணமாகாத பெண். கடையை ஒரு பக்கம் வைத்தாள். வீட்டை மறுபக்கம் வைத்து, எடை போதாது என்று பட்டதால் அதோடு பாதாம் தோப்பைச் சேர்த்தாள். அப்போதும் போதவில்லை. அம்மாவின் செம்புப் பானைகளையும் சேர்த்தாள். மேலே குழாயில் தண்ணீர் வருவதே அபூர்வமாக இருந்த காலம். வாலிபர்கள் எல்லாம் ஜெர்மனிக்குப் போய், வீடுகள் ஒவ்வொன்றாகப் பூட்டிக்கொண்டிருந்தன. பேருந்துகள் எல்லாம் கோயிலோடு திரும்பின.

“பிரிச்சது அவதான்,” என்று முடிப்பாள் வெனேரா. “பானையெல்லாம் தன் பக்கம் வெச்சுகிட்டு எப்படிப் பிரிச்சா பாரு.”

எடுத்தது யார் என்பதை அவள் சொல்வதில்லை. ஒரே ஒரு முறை லில்லோ கேட்டுவிட்டான். அன்றைக்கு அவனுக்குக் காபி ஆறிப்போய் வந்தது, அடுத்த நாளும்.

பிறகு காலம் திரும்பிக்கொண்டது. மேலே தார்ச்சாலை போனது. பழைய கல்லுக்கு மவுசு வந்தது. இடிந்த வீட்டை வெளிநாட்டுக்காரர்கள் விலை கேட்டார்கள். அம்மா துணி காயப்போட்ட மாடியில் சந்தினா நான்கு மேசை போட்டாள். நான்கு பத்தாகி, கீழே பழைய தொழுவம் வரைக்கும் இறங்கியது. வெனேரா கடைசியாக மேலே போனது தங்கை மகளின் கல்யாணத்துக்கு. கல்யாண வழக்கப்படி சர்க்கரை பூசிய பாதாமைத் துணியில் முடிந்து எல்லோருக்கும் கொடுப்பதற்கு முன்பே, தலைவலி என்று சொல்லி இறங்கிவிட்டாள். அன்றிலிருந்து பாதாம் அவளுக்கு ஒத்துக்கொள்வதில்லை.

ஜூன் மாதத்தில் ஒரு செவ்வாய்க்கிழமை. உச்சியில் கனமான மேகம். ஷட்டர் ஒரே தள்ளலில் ஏறியிருந்தது. லில்லோ பேருந்தை நிறுத்தினான். வழிகாட்டிப் பெண் தொனாத்தெல்லா தன் மஞ்சள் குடையைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு, தொப்பி போட்ட கூட்டத்தைக் கோயிலுக்கு நடத்திப் போனாள். லில்லோ காபிக்கு உட்கார்ந்தான்.

“மேல ஒண்ணுமே தெரியல போலிருக்கே வெனேராக்கா.”

“போத்திகிட்டுப் படுத்திருக்கா. படுக்கட்டும். நீ சக்கரை போட்டுக்கோ.”

லில்லோ போட்டான். கலக்கினான். கலக்கிக்கொண்டே இருந்தான்.

“என்னடா, கரண்டி தேயப்போகுது.”

“ஒண்ணுமில்லக்கா.”

“ஒண்ணுமில்லாதவன் காபிய இவ்வளவு நேரம் கலக்க மாட்டான். பொண்டாட்டி அடிச்சாளா?”

“அதுன்னா சொல்லியிருப்பேனே.” கரண்டியை வெளியே எடுத்தான். “கம்பெனில ஒரு பேச்சு அடிபடுதுக்கா. வெயில்ல யாராலயும் இங்க நடக்க முடியலயாம். போன வாரம் கூட ஒரு அம்மா மயங்கி விழுந்துச்சே. அதான், அடுத்த மாசத்துல இருந்து வண்டிய நேரா மேல விட்டுரலாம்னு.”

“கோயிலு?”

“மேல இருந்துதான் தெரியுதுல்ல. மாடியில நின்னு படம் எடுத்துக்கட்டும்னு சொல்றாங்க.”

“யாரு வீட்டு மாடியில?”

லில்லோ கோப்பைக்குள் பார்த்தான். “இன்னும் முடிவாகலக்கா. சந்தினாக்கா ஒத்துக்கணும். காலையிலயே கடையத் தொறந்து, கூட்டத்த முழு நேரமும் அவங்கதான் வெச்சுக்கணும். தொனாத்தெல்லா இன்னிக்கி கேக்கறதா இருக்கா.”

வெனேரா கழுத்துத் துண்டை எடுத்து, சுத்தமாக இருந்த மேசையைத் துடைத்தாள். பேருந்து நிற்காவிட்டால் அந்தச் சாலையில் தினமும் நிற்கப்போவது ஆட்டுக்காரன் ஒருவன்தான். அவன் தண்ணீரையே வீட்டிலிருந்து கொண்டுவருகிறவன். கார்கள் மழை மாதிரி. வந்தால் வந்தது, நம்பி விதைக்க முடியாது. பேருந்து போனால் கடை போனது. மனசுக்குள் அவளுக்கு எல்லாம் ஒரு நொடியில் ஒழுங்காகக் கூடிவந்தது. யார் யோசித்தது, யார் கம்பெனிக்காரன் காதில் போட்டது, அவனை எந்த நாற்காலியில் உட்கார வைத்து என்ன பரிமாறியது, எல்லாமே கண்ணால் பார்த்ததுபோல் தெரிந்தது.

“முதல்ல சோத்த எடுத்துகிட்டா. இப்ப கோயிலையும் எடுத்துகிட்டுப் போறா,” என்றாள்.

கூட்டம் முகம் சிவந்து திரும்பி வந்தது. தண்ணீர் கேட்டது, கழிவறை கேட்டது. வெனேரா இரண்டுக்கும் வழி காட்டினாள். கடைசி ஆள் பேருந்தில் ஏறியதும் முன்கச்சையை அவிழ்த்தாள், ஷட்டரை இறக்கினாள், பூட்டினாள். பேருந்தில் ஏறி, தொனாத்தெல்லாவின் மடக்கு இருக்கையில் உட்கார்ந்துகொண்டாள்.

“வெனேராம்மா! நீங்க எங்க?”

“சுத்திப் பாக்கத்தான். மலை மேல ஏதோ பழைய ஊராம். ரொம்ப அழகா இருக்குமாமே.”

தொனாத்தெல்லா லில்லோவைப் பார்த்தாள். லில்லோ கண்ணாடியைச் சரிசெய்தான்.

“அப்ப கடை?”

“அடுத்த மாசம் மூடப்போறத இன்னிக்கே மூடிப் பாத்தேன். நல்லாத்தான் மூடுது.”

தொனாத்தெல்லா வழி முழுக்க நின்றுகொண்டே பேசினாள். மலைப்பாதையின் ஒவ்வொரு திருப்பத்திலும் கோயில் ஒருமுறை இந்தப் பக்க ஜன்னலுக்கும் ஒருமுறை அந்தப் பக்க ஜன்னலுக்கும் வந்து, வரவரச் சின்னதாகிக்கொண்டே போனது. கூட்டம் அதன் பின்னாலேயே சாய்ந்து சாய்ந்து படம் எடுத்தது. வெனேரா தன் முழங்கால்களையே பார்த்துக்கொண்டிருந்தாள். பின்னால் இருந்த ஓர் அம்மாள் அவளுக்குத் தலை சுற்றுகிறது என்று நினைத்து ஒரு மிட்டாயை நீட்டினாள். மேலே போவது இதுதான் முதல் தடவையா என்று திக்கித் திக்கிக் கேட்டாள்.

“பொறந்ததே அங்கதான்.”

“எவ்வளவு கொடுத்து வைத்தவர்!” என்றாள் அந்த அம்மாள்.

வெனேரா மிட்டாயைக் கடித்த சத்தம் லில்லோவுக்குக் கேட்டது.

பாதி மலைக்கு மேல் பேருந்து மேகத்துக்குள் நுழைந்தது. ஜன்னல்கள் வெளுத்தன. கூட்டம் ‘ஐயோ’ என்றது. வெனேரா முதல் தடவையாக நிமிர்ந்து உட்கார்ந்தாள். ஊர் வாசலின் வளைவுக்கு வெளியே இறங்கியபோது பத்தடிக்கு அப்பால் எதுவும் தெரியவில்லை. கருங்கல் பாவிய சந்துகள் ஈரத்தில் மினுங்கின. நூறு நூறு வருஷத்துக் கால்கள் தேய்த்த கல். கப்பல்காரர்கள் சுவரைப் பிடித்துக்கொண்டு நடந்தார்கள், வெனேரா பிடிக்காமல் நடந்தாள். அந்தச் சந்தில் எந்தக் கல் வழுக்கும் என்று அவள் காலுக்கே தெரிந்திருந்தது. அது அவளுக்குப் பிடிக்கவில்லை.

ஒரு வாசற்படியிலிருந்து ஒரு குரல் வந்தது. தூரி கிழவன்.

“மாதாவே! வெனேராவா? நீ செத்துப்போயிட்டன்னு சொன்னாங்களே.”

“உன்ன வழியனுப்பிட்டுப் போலாம்னு இருக்கேன்.”

“அப்ப உக்காரு, நேரமாகும்.”

எல்லா வாசலிலும் பூத்தொட்டி இருந்தது. எல்லாக் கதவுக்கும் புதுச் சாயம். ரோம நாட்டு ராணிகள் குடியிருக்கிற ஊர்போல இருந்தது. அவள் சின்னவளாக இருந்தபோது இதே சந்தில் கழுதைச் சாணம் மிதிக்காமல் யாரும் பள்ளிக்கூடம் போனதில்லை. அதை இந்தத் தொப்பிக்காரர்களிடம் சொல்ல வேண்டும் என்று அவளுக்கு நாக்கு துறுதுறுத்தது. தொனாத்தெல்லா அதற்குள் அந்த ஊரை எப்போதோ ஆண்ட ஏதோ ஒரு நார்மன் பிரபுவைப் பற்றிச் சொல்லிக்கொண்டிருந்தாள்.

சந்தினாவின் கடைக்குள் நுழைந்ததும் வெனேரா செய்த முதல் வேலை, மேசை விரிப்பை இரண்டு விரலால் பிடித்துத் தேய்த்துப் பார்த்தது. துணி. கஞ்சி போட்டு இஸ்திரி போட்ட துணி. சுவரில் அம்மாவின் செம்புப் பானைகள், புளி போட்டுத் தேய்த்தாற்போல் தகதகவென்று, சமைப்பதற்கு இல்லாமல் பார்ப்பதற்காக மாட்டியிருந்தன. பின்பக்கத்திலிருந்து பூண்டும் தக்காளியும் வதங்கும் வாசனை. உட்காருவதற்குள் ரொட்டிக் கூடைக்குக் கை போய்விட்டது ஜனங்களுக்கு. கீழே சோற்று உருண்டையை எட்டி நின்று பார்த்த அதே கைகள்.

ஒரு கையில் மூன்று தட்டும் மறுகையில் இரண்டுமாக வந்த சந்தினா நின்றுவிட்டாள். அக்காவைவிட ஒரு சாண் உயரம், காதில் தங்க வளையம், மாவு படிந்த மேலுதடு.

“யாரு செத்தது?” என்றாள்.

“யாரும் சாகல. சாகறதுக்கு முன்னாடி உன் முகத்தப் பாத்துட்டுப் போலாம்னு வந்தேன்.”

“பாத்துட்டல்ல? நகரு, சூடா இருக்கு.”

வெனேரா நகரவில்லை, சந்தினா அவளைச் சுற்றிக்கொண்டு போனாள். தட்டுகளை வைத்துவிட்டு அடுப்படிக்குத் திரும்பிக் கரண்டியை எடுத்தபோது தொனாத்தெல்லா, இதைவிட மோசமான நேரம் கிடைக்காது என்று தெரிந்தே, தொண்டையைச் செருமினாள்.

“சந்தினாம்மா, கம்பெனில ஒரு விஷயம் கேக்கச் சொன்னாங்க. அடுத்த மாசத்துல இருந்து கோயில விட்டுட்டு வண்டி நேரா இங்க வந்துட்டா... காலையிலயே. உங்களுக்குச் சரிப்படுமா? சாப்பாடு, மாடி, எல்லாம் நிதானமா.”

வெனேரா தங்கையின் முகத்தில் சந்தோஷம் வருகிற நொடியைத் தவறவிடக் கூடாது என்று பார்த்துக்கொண்டிருந்தாள். அந்த ஒரு நொடி கிடைத்தால் போதும், ஆயுசுக்கும் பேசலாம்.

சந்தினா கரண்டியை வைத்தாள். “யாருக்கு வந்த யோசனை இது? சமையக்கட்டுப் பக்கமே போகாதவனா?”

“ஏம்மா?”

“காலையில எப்ப வருவீங்க? ஒன்பதரைக்கா? கப்பல்ல தின்ன முட்டையும் பன்றியும் அவங்களுக்குத் தொண்டையிலயே நிக்குமே. ஆளுக்கொரு காபி குடிப்பாங்க. கழிவறை எங்கம்பாங்க. மாடியில நின்னு படம் எடுப்பாங்க. மத்தியானம் வரைக்கும் என் நாற்காலியத் தேச்சுட்டுப் பசியில்லாமலே இறங்கிப் போயிடுவாங்க. அதுவும் இன்னிக்கி மாதிரி மேகம் வந்துட்டா? வெள்ளைத் துணியப் பாக்கறதுக்கா வருவாங்க?” வாணலியை ஒரு குலுக்குக் குலுக்கினாள். “அவங்க கீழ வெயில்ல நடக்கணும். தூண் தூணா அண்ணாந்து பாத்துக் கழுத்து வலிக்கணும். கால் ஓயணும், தொண்டை காயணும். அப்புறம் கொண்டு வாங்க, தட்ட வழிச்சுத் திம்பாங்க. கோயில விட்டுட்டு வர்றதா இருந்தா என் கடைக்கு வர வேண்டாம்னு சொல்லு.”

“அப்ப வழக்கம்போலவே வர்றோம்னு சொல்லிடட்டுமா?”

“அப்படியே சொல்லு. நான் சொன்னேன்னு சொல்லு.”

தொனாத்தெல்லா நிம்மதியாகக் கைப்பேசியை எடுத்துக்கொண்டு வெளியே போனாள்.

கடை பிழைத்துவிட்டது. வெனேரா சுவரில் சாய்ந்து நின்றாள். அடுத்த மூச்சுக்குள் வயிறு எரிய ஆரம்பித்துவிட்டது.

“அப்ப என் கோயிலு உனக்குப் பசி மருந்தா?”

“ஆமா,” என்றாள் சந்தினா, பூண்டை நசுக்கிக்கொண்டே. “நல்ல மருந்து. இத்தன வருஷமா வேலை செய்யுது.”

“நான் வெயில்ல வெந்து பசிய உண்டாக்கணும், நீ நிழல்ல உக்காந்து விக்கணும்.”

“நான் உக்காந்து நீ எப்ப பாத்த?”

“விடிஞ்சா எழுந்து பொரிச்சு வைக்கறேன். ஒரு நாய் மோந்து பாக்கறதில்ல. பானையெல்லாம் உன் பக்கம் வெச்சுகிட்டுப் பிரிச்சியே, அன்னிக்கே தெரியும் எனக்கு.”

பூண்டு நசுக்கும் கை நின்றது. சந்தினா சத்தம் போடவில்லை. கூட்டம் சாப்பிட்டுக்கொண்டிருந்தது.

“நான் பிரிச்சேன். நீ எடுத்த. அப்பா பேசி முடிக்கல. வாய மூடறதுக்குள்ள கீழ்க்கடைச் சாவி உன் கையில இருந்துச்சு. எவ்வளவு வேகமா எடுத்தன்னா, மேசை விரிப்பும் கூட வந்துச்சு. நான் ஒரு வாரம் அழுதேன், இந்த இருட்டு வீட்டுல என்ன பண்ணப்போறேன்னு. நீ ஒரு நாள் மேல ஏறி வந்து கேட்டியா?”

வெனேராவிடம் பதில் இருந்தது. எப்போதும் இருக்கும். அது வருவதற்குள் ஓர் அம்மாள் இன்னும் கொஞ்சம் ரொட்டி கேட்டாள். பக்கத்தில் கூடை இருந்தது, சந்தினாவின் கையில் பூண்டு இருந்தது. வெனேராவே எடுத்துக் கொடுத்தாள். அந்த அம்மாள் வாங்கிக்கொண்டு, சமையல் அபாரம் என்று சைகையில் சொன்னாள். வெனேரா தலையாட்டினாள். “உப்பு பத்தாது,” என்றாள் தன் மொழியில்.

சந்தினா ஒரு தட்டை நிறைத்து அவள் முன்னால் வைத்தாள். “தின்னுட்டுத் திட்டு.”

“பசியில்ல.”

“கோயிலச் சுத்தல, அதான்.”

அப்போது மாடியிலிருந்து ஒரு பெரிய ‘ஓ’ கேட்டது. நாற்காலிகள் பின்னால் தள்ளப்பட்டன. மேகம் கிழிந்துவிட்டது. தொப்பிக்காரர்கள் முள்கரண்டியைக் கையில் பிடித்தபடியே கைப்பிடிச் சுவருக்கு ஓடினார்கள். சந்தினா மாடி வாசலில் நின்று ஒருமுறை எட்டிப் பார்த்தாள். கண்ணைச் சுருக்கிக்கொண்டு இன்னொரு முறை பார்த்தாள்.

“உன் கடை முன்னாடி ரெண்டு மூணு வண்டி நிக்குது.”

“பொய் சொல்லாத. என்னக் கெளப்பறதுக்குச் சொல்ற.”

“வந்து பாரேன்.”

மாடி மூலையில், நாணயம் போட்டால் திறக்கும் தொலைநோக்கி ஒன்று இரும்புக் காலில் நின்றது. அங்கே நின்றிருந்த ஜெர்மன்காரனைச் சந்தினா இடுப்பால் இடித்து விலக்கினாள். முன்கச்சைப் பையிலிருந்து ஒரு காசை எடுத்துப் போட்டாள். உள்ளே ஏதோ விழுந்து கடகடவென்று ஓடத் தொடங்கியது. வெனேரா குதிகாலைத் தூக்கி, கண்ணை வைத்தாள்.

முதலில் வெறும் பச்சை. பிறகு தூண்கள், ஒன்றுக்குப் பின் ஒன்றாக, வெயிலில் தேன் நிறத்தில். அவள் அங்கே நிற்கவில்லை, தொலைநோக்கியைக் கீழே இறக்கினாள். தகரக் கூரை. அத்தி மரம். நிஜமாகவே மூன்று கார்கள். சிவப்புச் சட்டைக்காரன் ஒருவன் ஷட்டரைத் தட்டிப் பார்த்துவிட்டு, பக்கத்துக் கண்ணாடி ஜன்னலில் கையைக் குவித்து உள்ளே பார்த்தான். அவன் எதைப் பார்க்கிறான் என்று வெனேராவுக்குத் தெரியும். சோற்று உருண்டைகள். அவன் மனைவியைக் கூப்பிட்டுக் காட்டினான். அவளும் குவித்துப் பார்த்தாள். இரண்டு பேரும் வயிற்றைத் தடவிக்கொண்டார்கள்.

“பசிக்குதுடி அவனுக்கு!” என்று வெனேரா கத்தினாள். “மகராசன், பசியோட வந்திருக்கான்!”

மாடியே திரும்பிப் பார்த்தது.

அத்தி மரத்தடியில் இன்னொருத்தி உட்கார்ந்திருந்தாள். செருப்பைக் கழற்றி, கால் இரண்டையும் எதிர் நாற்காலியில் நீட்டி, முகத்தை அண்ணாந்து கோயிலைப் பார்த்துக்கொண்டிருந்தாள். அவள் மேல் இலை நிழல் அசைந்தது. பூனை அவள் மடியில் ஏறிப் படுத்திருந்தது, யாரிடமும் போகாத பூனை. கொஞ்சமும் அவசரமில்லாமல், உலகத்தில் தனக்கென்று ஒதுக்கி வைத்த இடத்துக்கு வந்து சேர்ந்தவள்போல் அவள் உட்கார்ந்திருந்தாள்.

“எப்படி உக்காந்திருக்கா பாரு,” என்றாள் வெனேரா. “அவ அப்பன் வீட்டுச் சொத்து மாதிரி. என்னா சொகம்! அந்த நிழலு எப்படி வருது பாரு அவளுக்கு. காத்து பாரு. கோயிலு அவளுக்குன்னே நிக்குது. கொடுத்து வெச்சவ. நான் ஒரு நாள் அப்படி உக்காந்திருப்பேனா, சொல்லு? ஒரு நாள்?”



உள்ளே கடகடப்பு நின்றது. ஒரு தகடு விழுந்து, கோயில், மரம், காலை நீட்டியவள் எல்லாம் ஒரே கறுப்பானது. வெனேரா கண்ணை எடுக்கவில்லை. குதிகாலை இறக்கவில்லை. இருட்டுக்குள் பார்த்தபடியே வலது கையைப் பின்னால் தங்கையின் பக்கம் நீட்டி, அடுத்த காசுக்காக உள்ளங்கையை விரித்தாள்.